பஞ்சாலையில் அரபும் கிரேக்கமும்

என்னிடம் இருக்கும் ஆங்கிலக் கலைக்களஞ்சியத்தில் முதல் தொகுதி மட்டும்தான் உண்டு. மீதித் தொகுதிகளுக்குக் காசு சேர்த்துக்கொண்டு பழைய புத்தகக் கடைக்குத் திரும்பிப் போவதற்குள் வேறு யாரோ அள்ளிக்கொண்டு போய்விட்டார்கள். அதனால் ஆங்கிலத்தில் 'ஏ' என்ற எழுத்தில் தொடங்கும் எல்லாவற்றிலும் நான் அறிஞன். 'பி'யிலிருந்து பாமரன். இந்த நிலையில் இருப்பவன் அடக்கமாக இருந்திருக்க வேண்டும். நானோ ஒரு வாரப்பத்திரிகைக் கட்டுரையில் பக்கம் நிரம்பவில்லை என்பதற்காக, அரபு மெய்ஞ்ஞானிகள் ஐரோப்பியக் கவிஞர்களுக்கு என்னென்ன கொடுத்தார்கள் என்று ஒன்றரைப் பத்தி அளந்துவிட்டேன். எல்லாம் 'ஏ' தொகுதியின் புண்ணியம்.

எண்பதுகளின் நடுவில் ஒரு கோடைக்காலம் அது. சென்னையில் நான் வேலை பார்த்த வங்கிக்கு ராஜபாளையத்திலிருந்து ட்ரங்க் கால் வந்தது. அந்தக் காலத்தில் ட்ரங்க் கால் என்றால் ஒன்று சாவு, அல்லது தலைமை அலுவலகம். மேனேஜர் வெளிறிப்போய்க் கூப்பிட்டார். மறுமுனையில் ஒரு குரல், கம்பியே தேவையில்லாத சத்தத்தில் பேசியது.

"ஐயா, இலக்கிய மன்றச் செயலாளர் வேலுச்சாமி பேசுகிறேன். அரபு ஐரோப்பிய இலக்கிய உறவில் தாங்கள் ஆழங்கால் பட்டவர் என்று அறிந்தோம். எங்கள் பட்டிமன்றத்துக்குத் தாங்கள்தான் நடுவராக எழுந்தருள வேண்டும்."

'எனக்கு அரபு தெரியாது, லத்தீன் தெரியாது, ஸ்பானிய மொழி தெரியாது' என்று சொல்ல வேண்டிய இடத்தில், "எந்தத் தேதி?" என்று கேட்டேன்.

பயணத்தில் சொல்லத்தக்கது ஒன்றுதான். எதிர் இருக்கைக்காரர் என் பெட்டியையும் சேர்த்து எடுத்துக்கொண்டு, "இறங்குங்க சார், ஊர் வந்துருச்சு" என்றார். நானும் மரியாதையாக இறங்கினேன். வந்தது அவருடைய ஊர். ஸ்ரீவில்லிபுத்தூர் ஸ்டேஷனில் நின்றுகொண்டு, தூரத்தில் கோபுரத்தையும் பக்கத்தில் என்னை விட்டுவிட்டுப் போகும் ரயிலையும் மாறி மாறிப் பார்த்தேன். என் ஊரில் தப்பான நிறுத்தத்தில் இறங்கினால் யாரும் கவனிக்க மாட்டார்கள். இங்கே ஸ்டேஷன் முழுவதும் கவனித்தது. போர்ட்டர் ஒருவர் என்னைப் பஸ் வரைக்கும் கொண்டுபோய் விட்டு, கண்டக்டரிடம் வழக்கையும் விவரித்துவிட்டுத்தான் போனார்.

"ரயில்ல வந்தவுகளா?" என்றார் கண்டக்டர். "பேசாம உக்காந்திருந்தீகன்னா ரயில்காரனே ராஜபாளையத்துல கொண்டாந்து விட்டிருப்பாம்லா."

"தெரியாமல் இறங்கிவிட்டேன்."

"எதுக்கு வாறீக?"

"பட்டிமன்றத்துக்கு. நடுவர்."

கண்டக்டர் விசிலை வாயிலிருந்து எடுத்தார். "எறங்குற ஊரே தெரியல. நீங்கதான் தீர்ப்புச் சொல்லப் போறீகளாக்கும்."

பஸ்ஸே சிரித்தது. என் மடியில் பால்கோவா டப்பாக்களை வைத்திருந்த ஒரு அம்மாள் மட்டும், "விடுங்க, அவியளும் மனுசந்தானே" என்று எனக்காகப் பரிந்து பேசினார். டப்பாக்களைத் தன் மடிக்கு மாற்றிக்கொள்ளவில்லை.

ராஜபாளையத்தில், பட்டிமன்றச் செலவை ஏற்றிருந்த பஞ்சு மில்லின் விருந்தினர் விடுதியில் இறக்கிவிட்டார்கள். அறை வாசலில் ஒரு வெள்ளை நாய் படுத்திருந்தது. அந்த ஊர் நாய்கள் ஜாதிப் பெருமையில் மனிதர்களை மிஞ்சியவை. நான் தமிழில் கெஞ்சிப் பார்த்தேன். ஆங்கிலத்தில் அதட்டிப் பார்த்தேன். அது உதட்டை மட்டும் கொஞ்சம் தூக்கி, தன் பல் வரிசையில் ஒரு பகுதியை எனக்குக் காட்டியது.

"அதுக்குத் தெலுங்குதான் சார் தெரியும்," என்றார் வாட்ச்மேன். "மில் முதலாளி வீட்டுல வளந்தது. அங்க தெலுங்குதான் பேச்சு." பிறகு அவர் ஏதோ ஒரு சொல் சொன்னார். நாய் எழுந்து, என்னைத் திரும்பியும் பார்க்காமல் போய்விட்டது. மொழிபெயர்ப்பாளர்கள் இல்லாவிட்டால் உலக நாகரிகம் வாசலிலேயே நின்றிருக்கும் என்று 'ஏ' தொகுதியில் ஒரு வரி வரும். அதன் பொருள் அன்றுதான் விளங்கியது.

மத்தியானம் முதலாளி வந்தார். அவருக்குப் பெயர் உண்டு. ஆனால் ஊரில் அதை யாரும் உபயோகிப்பதாகத் தெரியவில்லை. கனிவான மனிதர். பருப்புப் பொடிக்கு நெய்யைத் தானே ஊற்றினார். பிறகு ஆட்டுக்கறி. அதன்பிறகு சப்பட்டை மாம்பழம். சென்னையில் மாம்பழத்தைக் கீறித் தட்டில் வைத்து, விருந்தாளிக்கு இத்தனை துண்டு என்று ஒரு தீர்மானத்தோடு வருவார்கள். இங்கே ஆளுக்கு ஒரு கூடை வைத்துவிட்டுக் கை கழுவத் தண்ணீரையும் பக்கத்தில் வைத்துவிட்டார்கள். இரண்டாவது பழத்தில் முழங்கை வரை சாறு வழிந்துகொண்டிருந்த நிலையில்தான் எனக்கு வழக்கு சொல்லப்பட்டது.

"வருசத்துக்கு ஒரு புஸ்தகம் நம்ம டிரஸ்ட்ல போடுறோம் சார். போன வருசம் நாய் வளர்ப்பு. நல்லா போச்சு. இந்த வருசம் நம்ம காலேஜ் இங்கிலீஷ் டீச்சர், ஜெசிந்தான்னு ஒரு அம்மா, ஒண்ணு எழுதிக் கொண்டாந்தாங்க. முஸ்லிம் ஞானிகளுக்கும் ஐரோப்பாக்காரனுக்கும் உள்ள கொடுக்கல் வாங்கல். டைப் அடிச்சு செங்கல் கனத்துக்கு இருக்கு. நமக்கு அம்புட்டும் படிக்க ஏது நேரம்?"

"அதனால்?"

"அதான் பட்டிமன்றம். ஐரோப்பிய இலக்கியம் செழிக்கப் பெரிதும் காரணம் கிரேக்கமா, அரபா? அரபு ஜெயிச்சா டீச்சர் சொல்றதுல சரக்கு இருக்குன்னு அர்த்தம். புஸ்தகம் போட்டுருவோம். தோத்தா இல்ல." மாங்கொட்டையை இலையில் வைத்தார். "ஒண்ணு மட்டும் சார். 'இரண்டுமே'ன்னு தீர்ப்பு சொல்லிராதீங்க. வர்ற நடுவர் எல்லாம் அதைச் சொல்லிட்டுத்தான் மாலையை வாங்கிட்டுப் போறாங்க."

ஒரு மனிதர் புத்தகத்தைப் படிக்காமல் மதிப்பிட இத்தனை செலவு செய்வதை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. எங்கள் பத்திரிகை உலகில் அதை இலவசமாகவே செய்துகொண்டிருந்தோம்.

சாயங்காலம் ஜெசிந்தா டீச்சரே வந்தார். நாற்பது வயது இருக்கும். கையில் குடை, தோளில் கனமான பை. செங்கல் அதற்குள் இருந்திருக்க வேண்டும். உட்கார்ந்ததும் ஒரு நோட்டீஸை என்முன் வைத்தார்.

"பாத்தீகளா சார்?"

பார்த்தேன். 'அரபே' என்ற தலைப்பின் கீழ் வேலுச்சாமி தலைமையில் ஆண்கள் மூவர். 'கிரேக்கமே' என்ற தலைப்பின் கீழ் ஜெசிந்தா தலைமையில் பெண்கள் மூவர்.

"அணி மாறியிருக்கிறதே," என்றேன்.

"இந்த ஊர்ல ஆம்பளை ஒரு அணி, பொம்பளை ஒரு அணி சார். தலைப்பு எதுன்னாலும் அப்படித்தான். எது யாருக்குன்னு காசு சுண்டிப் போட்டாக. அரபு ஆம்பளைகளுக்கு விழுந்துருச்சு."

"உங்கள் ஆராய்ச்சி இது என்று வேலுச்சாமியிடம் சொல்லவில்லையா?"

"சொன்னேன். 'நோட்டீஸ் அடிச்சாச்சும்மா'ன்னுட்டாரு."

அதற்குமேல் அப்பீல் கிடையாது என்பது எனக்கும் தெரியும். நம் நாட்டில் கல்யாணத்தையே நிறுத்தலாம், அடித்த நோட்டீஸை நிறுத்த முடியாது.

அவர் குரலைத் தாழ்த்தினார். "ஒரு ஒத்தாசை சார். நா நாளைக்குச் சுமாரா பேசுதேன். ரொம்பச் சுமாரா. நீங்க அரபுக்கே தீர்ப்பைக் குடுத்துருங்க. நா தோத்தாத்தான் எம் புஸ்தகம் வரும்."

"உங்கள் புத்தகம் அரபே காரணம் என்றுதானே சொல்கிறது?"

"அதுவும் இல்ல சார். அது கொடுக்கல் வாங்கல். பாக்தாத்துல கிரேக்க நூலை அரபியில பெயர்த்தாக. அதை ஸ்பெயின்ல லத்தீனாக்குனாக. போற வழியில ஒவ்வொருத்தரும் கொஞ்சம் சேத்தாக, கொஞ்சம் விட்டாக. இதுல ஜெயிக்க என்ன இருக்கு, தோக்க என்ன இருக்கு? ஆனா வேற யாரும் அச்சுப் போட மாட்டேங்காக. மெட்ராஸ்ல ஒருத்தர், 'நீங்க கிறிஸ்தவங்க, உங்களுக்கு எதுக்கும்மா இது'ன்னாரு. மதுரையில ஒருத்தர், 'முஸ்லிம் யாராவது எழுதுனா பாக்கலாம்'னாரு. படிச்சுப்போட்டு வேண்டாம்னு ஒருத்தரும் சொல்லல சார். படிச்சாத்தானே சொல்லுறதுக்கு?"

நான் மாம்பழச் சாறு காய்ந்த சட்டையோடு, ஆவன செய்வதாக வாக்களித்தேன். வங்கியில் நாள்தோறும் சொல்லும் சொல்தான். ஆனால் அவர் நம்பிக் கும்பிட்டார். அதுதான் உறுத்தியது.

மறுநாள் மில் மனமகிழ் மன்றத்தில் கூட்டம். ஷிஃப்ட் மாறுவதற்கு முன்பு முடிய வேண்டும் என்று ஏற்பாடு. லீவில் இருந்தவர்கள், அடுத்த ஷிஃப்டுக்குச் சீக்கிரம் வந்தவர்கள், நூலைக் கூம்பில் சுற்றும் கோன் வைண்டிங் பெண்கள், குழந்தைகள் என்று கூடம் நிறைந்திருந்தது. சென்னையில் இந்தத் தலைப்புக்குக் கூட்டம் போட்டிருந்தால் பேச்சாளர்களும் அவர்களை அழைத்துவந்த டாக்சி டிரைவரும் இருந்திருப்பார்கள். நடுவர் என்ற முறையில் எனக்கு உயரமான நாற்காலி. காலடியில் சோடா.

வேலுச்சாமி தொடங்கினார். பள்ளிக்கூடத் தமிழாசிரியர். மைக்கைத் தள்ளி வைத்துவிட்டார்.

"நடுவர் அவர்களே, அத்தர் தந்தது யார்? அரபு. அல்வா தந்தது யார்? அரபு. பிரியாணி தந்தது யார்?"

"மட்டன் ஸ்டால்காரரு," என்றது பின்வரிசை.

வேலுச்சாமி அசரவில்லை. குதிரை, குங்குமப்பூ, கூஜா என்று வரிசையாக அரபு நாட்டிலிருந்து இறக்கினார். ஜெசிந்தா டீச்சர் தலை குனிந்து உட்கார்ந்திருந்தார். தன் முறை வந்ததும் எழுந்து, சுமாராகப் பேசினார். உண்மையிலேயே சுமார். கிரேக்கம் பழைய நாடு, அங்கே நாடகம் உண்டு, தத்துவம் உண்டு என்று மூன்றாம் வகுப்புப் பாடம்போல ஒப்பித்துவிட்டு உட்கார்ந்தார். முன்வரிசையில் முதலாளி கொட்டாவியை மறைத்தார். பெண்கள் பகுதியில் ஏமாற்றம்.

"என்னடி டீச்சர் இப்படிச் சொதப்புதாக," என்றாள் ஒருத்தி, எல்லாருக்கும் கேட்கும்படியாக.

எல்லாம் ஏற்பாட்டின்படி நடந்துகொண்டிருந்தது. வேலுச்சாமி பதிலுரைக்கு எழுந்தார். அதோடு நிறுத்தியிருந்தால் இந்தக் கட்டுரைக்கு வேலை இல்லை. எங்கேயோ அரைகுறையாகக் கேட்ட ஒன்றை எடுத்து விட்டார்.

"ஸ்பெயின் தேசத்து முஸ்லிம் ஞானி ஒருவர் கதை எழுதினார். தனித்தீவில் ஒரு குழந்தை. மான் பால் கொடுத்து வளர்க்கிறது. அவன் தானே யோசித்து யோசித்து இறைவனை அறிகிறான். இதைத் திருடித்தான் வெள்ளைக்காரன், கப்பல் உடைந்து தீவில் ஒதுங்கிய மாலுமியின் கதையை எழுதினான். வரிக்கு வரி காப்பி. இதை மறுக்க எதிரணியில் ஆள் உண்டா?"

கைதட்டல். வழக்கு அரபுக்கு முடிந்துவிட்டது. புத்தகம் அச்சுக்குப் போய்விட்டது. நான் நிம்மதியாகச் சோடாவை எடுத்தேன்.

ஜெசிந்தா டீச்சரின் முகத்தைப் பார்த்தேன். நோட்டுப் புத்தகத்தில் பெரிய தப்பைக் கண்ட வாத்தியாரின் முகம். கையில் சிவப்பு மை இல்லாத குறைதான். என்னைப் பார்த்தார். 'பேசாதீர்கள்' என்று கண்ணால் கெஞ்சினேன். அப்படியும் எழுந்தார்.

"நடுவர் அவர்களே, வரிக்கு வரின்னு சொன்னாரே, எந்த வரி? சார் ஒரு வரி சொல்லட்டும்."

வேலுச்சாமி மைக்கைக் கிட்டே இழுத்தார். அன்று அவருக்கு அது முதல் தடவையாகத் தேவைப்பட்டது. இரண்டு தரம் ஊதிப் பார்த்தார்.

"அந்த அரபுக் கதை லத்தீனுக்குப் போச்சு, இங்கிலீஷுக்கும் போச்சு. உண்மை. மாலுமி கதை எழுதுனவரு அதைப் படிச்சிருக்கலாம். படிச்சாருன்னு யாரு பாத்தா? படிச்சிருந்தாலும் காப்பியா? அந்த மாலுமி தீவுக்குப் போகையில கப்பல்லருந்து துப்பாக்கி, வெடிமருந்து, சாராயம், வேதப்புத்தகம் அம்புட்டையும் இறக்கிக்கிடுதான். தன் ஊரையே தீவுக்குக் கொண்டுபோறான். இந்தக் குழந்தைகிட்ட என்ன இருக்கு? ஒரு சொல்லுகூட இல்ல. அம்மான்னு கூப்பிடத் தெரியாது. வளத்த மான் செத்துக் கிடக்கு. இதுக்குள்ள இருந்து எது போச்சுன்னு தேடுதான். அங்கருந்து ஆரம்பிச்சு ஆகாசம் வரைக்கும் போறான். ரெண்டும் ஒண்ணுன்னு சொன்னா ரெண்டு பேருக்கும் அநியாயம். அந்த ஞானியைப் பெருமைப்படுத்துறதா நெனச்சு, சார் அவரைப் பாத்து எழுதுற கைடு புஸ்தகமா ஆக்கிட்டாரு."

முன்வரிசையில் ஒரு பெண், மான் செத்த இடத்தில் முந்தானையைக் கண்ணுக்குக் கொண்டுபோனாள்.

டீச்சர் நிறுத்தவில்லை. நிறுத்த முடியவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். இத்தனை வருஷம் யாரும் கேட்காத ஒன்றை ஒரு கூடம் முழுக்கக் கேட்கிறதென்றால் யாரால் நிறுத்த முடியும்? அத்தரையும் அல்வாவையும் ஒரு கையால் ஒதுக்கினார். இத்தாலியக் கவிஞர் ஒருவர் நரகத்துக்குப் போய்வந்ததாகப் பாடியதை எடுத்தார். அரபு விண்ணேற்றக் கதைகளில் இருந்து அது வந்தது என்று அடுத்த ஆண் பேச்சாளர் சொல்லப்போவதை அவரே முன்கூட்டிச் சொல்லி, அதற்கு எதுவரை ஆதாரம் உண்டு, எதற்குமேல் வெறும் ஆசை என்று கோடு போட்டார். அடுத்த பேச்சாளர் தன் கையிலிருந்த தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

"ஏட்டி, டீச்சர் விளாசுதாகடி," என்றது பெண்கள் பகுதி. யாரோ விசிலடித்தார்கள். கிரேக்கம் வென்றுவிட்டது. தன் புத்தகத்தைத் தன் வாயாலேயே அடித்து வீழ்த்திவிட்டு டீச்சர் உட்கார்ந்தார். அப்புறம்தான் செய்ததை உணர்ந்தவர்போலக் கைக்குட்டையால் முகத்தை மூடிக்கொண்டார்.

இப்போது எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

நிலைமையைச் சொல்கிறேன். கிரேக்கம் என்றால் புத்தகம் இல்லை. அரபு என்றால் கண்ணெதிரே நடந்ததற்கு நான் குருடன். கோன் வைண்டிங் பெண்கள் என்னை ரயிலேற விடுவார்களா என்பதும் சந்தேகம். இரண்டும் என்றால் முதலாளி கூடாது என்று சொன்ன ஒரே விஷயம். ஆனால் டீச்சரின் ஆராய்ச்சி முடிவு அதுதானே. என் வாழ்க்கையில் கோழைத்தனமும் உண்மையும் ஒரே பக்கம் வந்து நின்றது அன்று ஒருநாள்தான். ஷிஃப்ட் சங்கு எந்த நிமிஷமும் ஊதலாம். 'ஏ' தொகுதியில் இதற்கு வழி எதுவும் இல்லை. ஜன்னலுக்கு வெளியே பஞ்சுப் பொதிகளை இறக்கிக்கொண்டிருந்தார்கள்.

"நண்பர்களே," என்றேன். "உங்கள் மில்லுக்கு எகிப்துப் பஞ்சு வருகிறது. நம் கரிசல் காட்டுக் கருங்கண்ணிப் பஞ்சும் வருகிறது. இரண்டையும் ஒன்றாகக் கலந்து நூற்கிறீர்கள். நூலான பிறகு எது எந்த ஊர்ப் பஞ்சு என்று உலகத்தில் யாராலாவது சொல்ல முடியுமா? சிந்தனையும் அப்படித்தான். கிரேக்கமும் அரபும் கலந்து முறுக்கேறிய நூல்தான் ஐரோப்பிய இலக்கியம். எனவே இரண்டுமே."

கூடம் அதிர்ந்தது. தொழிலாளர்கள் ஒருவர் தோளை ஒருவர் தட்டிச் சிரித்தார்கள். ஒருவர் சிரிப்பில் பெஞ்சிலிருந்து இறங்கியே விட்டார். என் உவமை இத்தனை வெற்றி பெறும் என்று நானே எதிர்பார்க்கவில்லை. சங்கு ஊதியது. பாதிப் பேர் சிரித்தபடியே வேலைக்குப் போனார்கள்.

முதலாளி மேடைக்கு வந்து மாலை போட்டார். "சொல்லாதீங்கன்னு சொன்னதைத்தான் சொன்னீங்க," என்றார் காதருகில். நான் தலை குனிந்தேன். "ஆனா ஐரோப்பாவும் நம்ம மில்லும் ஒரே வாக்கியத்துல வந்துச்சே சார். எங்க அப்பா கேட்டிருக்கணும். புஸ்தகம் போடுவோம். நீங்கதான் முன்னுரை. அந்தப் பஞ்சு உதாரணம் அப்படியே வரணும். அது இல்லாம புஸ்தகம் கிடையாது."

அன்றிரவு என் மேல் எனக்கே மரியாதை ஏற்பட்டது. நாய்கூட ஒதுங்கி வழிவிட்டது.

மறுநாள் ஸ்ரீவில்லிபுத்தூர். இந்தமுறை வேண்டுமென்றே இறங்கினேன். கோயில் பார்த்தேன். கடைவீதியில் வாழையிலைத் துண்டில் சூடான பால்கோவா வாங்கித் தின்றேன். சென்னையில் அதே பெயரில் விற்கும் பொருளைப் பற்றி எண்ணி வருந்தினேன். ஸ்டேஷனுக்குப் போனால், ஜெசிந்தா டீச்சர் வழியனுப்ப வந்து காத்திருந்தார். வீடு அங்கேதானாம். கூடவே அவர் கணவர், வெட்கப்பட்டுக்கொண்டு நின்ற மனிதர். என் கையில் ஒரு பால்கோவாப் பொட்டலம் ஏறியது.

"சங்கடமான சூழ்நிலை," என்றேன் பெருந்தன்மையோடு. "எப்படியோ அந்தப் பஞ்சு உவமை கைகொடுத்தது. எப்படிச் சிரித்தார்கள் பார்த்தீர்களா?"

டீச்சர் கணவரைப் பார்த்தார். கணவர் தண்டவாளத்தைப் பார்த்தார்.

"தப்பா நெனைக்கக் கூடாது சார்," என்றார் டீச்சர். "எகிப்துப் பஞ்சு நீள இழை. கருங்கண்ணி குட்டை இழை. ரெண்டையும் யாரும் கலக்க மாட்டாக. கலந்தா நூல் நிக்காது, அறுந்துகிட்டே வரும். அதுக்குத்தான் சிரிச்சாக."

ரயில் வரும் சத்தம் கேட்டது. இன்னும் கொஞ்சம் வேகமாக வரக்கூடாதா என்று இருந்தது.

"பொறவு, நூலைப் பாத்தா என்ன பஞ்சுன்னு சொல்ல முடியாதுன்னீக. இவுக மில்லு லேப்லதான் இருக்காக. நூலைப் பிரிச்சு, இழையைப் பாத்துச் சொல்லிருவாக. இம்புட்டு வருசமா நா செஞ்ச ஆராய்ச்சியும் அந்த வேலைதான் சார். உங்க தீர்ப்பு சரி. சொன்ன காரணம் பூராம் தப்பு."

"அப்படியானால் முன்னுரையில் அதை எழுதவில்லை," என்றேன்.

"ஐயையோ, கட்டாயம் எழுதணும் சார். அது இல்லன்னா முதலாளி புஸ்தகம் போட மாட்டாரு." பெட்டிக்குள் என்னை ஏற்றிவிட்டு, பிளாட்பாரத்தில் நான் மறந்துவிட்ட என் குடையையும் ஜன்னல் வழியாக நீட்டினார். "நீங்க தாராளமா எழுதுங்க. முதல் அத்தியாயத்துல நா அதை மறுத்துக்கிடுதேன்."